எறும்பு வராத பலகாரம்

வாயால் வடை சுடுகிறவர்கள் வடையோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். நான் கேக் வரைக்கும் போய்விட்டேன். அதனால் என் நாத்தனார் செல்வியின் கல்யாணமே நின்றுபோகப் பார்த்தது.

தொண்ணூறுகளின் தொடக்கம். மதுரையில் காலேஜ் முடித்த கையோடு அருப்புக்கோட்டையில் ஒரு பலசரக்குக் கடை வீட்டுக்கு வாக்கப்பட்டு வந்திருந்தேன். ‘மதுரைப் படிப்பு’ என்று தலைக்குமேல் ஒரு கிரீடம் இருந்தது. (வேறு யாரும் வைக்கவில்லை, நானே வைத்துக்கொண்டதுதான்.)

செல்வியைப் பார்க்க விருதுநகரிலிருந்து வந்தார்கள். பையனுக்கு அவளைப் பிடித்துவிட்டது, அவளுக்கும் பையனைப் பிடித்துவிட்டது. பையனின் அப்பாதான் பிடிகொடுக்காமல் உட்கார்ந்திருந்தார். மனிதர் மிளகாய் வத்தல் மொத்த வியாபாரி. கட்டின சாக்கை மோந்து பார்த்தே எந்த ஊர் வத்தல், மழையில் நனைந்ததா இல்லையா என்று சொல்லிவிடுவாராம். கிளம்பும்போது என் மாமியாரிடம், “தீபாவளியை ஒட்டி இன்னொரு தடவை வாரோம் தங்கச்சி. மனசுக்குப் பட்டா அன்னைக்கே வெத்தலை பாக்கு மாத்திக்கிருவோம்” என்றார். பிறகு தட்டைப் பார்த்துச் சிரித்தார். “எல்லா வீட்லயும் இதே அதிரசம், இதே முறுக்குதான்.”

நான் சும்மா இருந்திருக்கலாம். “அடுத்த தடவை வெளிநாட்டுப் பலகாரம் செஞ்சு வைக்கிறேன், வாங்க” என்று கதவுக்குப் பின்னாலிருந்து ஒரு குரல் கேட்டது. என் குரல்தான்.

காலேஜில் கேக் செய்து காட்டிய அன்று நான் பாத்திரம் கழுவினேன். அவ்வளவுதான் என் அனுபவம். அவர்கள் வர மூன்று நாள் இருக்கையில் பக்கத்து வீட்டு மெஹருன்னிசா அக்காவிடம் ஓடினேன். அவர் வீட்டுக்காரருக்குத் துபாயில் வேலை. அக்காவும் கொஞ்ச நாள் அங்கே இருந்து வந்தவர்.

“பயப்படாத. அடியில பிஸ்கட்டு மாதிரி ஒரு அடுக்கு, அதுல பேரீச்சம்பழம், திராட்சை, செர்ரி எல்லாம் போட்டு வேக வச்சிரு. மேல வெள்ளைச் சாக்லேட்ட உருக்கி ஊத்து. இறுகினதும் நீளநீளமா வெட்டிரு. பண்டிகைன்னா அங்க இதான்” என்று சொல்லி, அவர் கணவர் கொண்டுவந்த சாக்லேட்டில் பெரிய பாளம் ஒன்றையும் தந்தார்.

வீட்டில் ஃப்ரிட்ஜ் கிடையாது. அத்தை பாளத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “இத இப்பிடியே வச்சா விடியுமுன்ன எறும்பு தூக்கிட்டுப் போயிரும். நான் பத்திரப்படுத்துறேன், கொண்டா” என்று வாங்கிப் போனார். எங்கே வைத்தார் என்று நான் கேட்கவில்லை. மாமியாரிடம் கணக்குக் கேட்க எந்தக் காலேஜும் சொல்லித் தரவில்லை.

அவர்கள் வரும் வெள்ளிக்கிழமையும் வந்தது. ஐப்பசி என்றுதான் பெயர், மழை எங்கள் பக்கம் தலைகாட்டவில்லை. வெயில் சித்திரை மாதிரி அடித்தது. மண்ணெண்ணெய் அடுப்பில் பெரிய அலுமினியச் சட்டி, அதற்குள் ஆற்று மணல், மணலுக்கு மேல் தட்டு, தட்டில் மாவு. இதுதான் என் வெளிநாட்டு அடுப்பு. செல்வி பட்டுச் சேலையோடு வந்து அடுப்படி வாசலில் நின்றாள்.

“மதினி, எனக்கு இந்த எடம் முடியணும். அவுகள எனக்கு ரொம்பப் புடிச்சிருக்கு. பாத்துச் செய்ங்க மதினி.”

அவள் கண் கலங்கியிருந்தது. அதுவரை எனக்கு இது விளையாட்டாகத்தான் இருந்தது. மூடியைத் திறந்தால் அடிப்பாகம் கருகியிருந்தது. கத்தியால் சுரண்டினேன். சாக்லேட்டை உருக்கும்போது ஏதோ பழகிய வாசனை வந்தது. வெள்ளிக்கிழமை, பூஜை நடந்த வீடு, வாசனை வரத்தானே செய்யும் என்று விட்டுவிட்டேன். ஒரு துளி வாயில் வைத்திருந்தால் தெரிந்திருக்கும். ஆனால் அத்தையின் சட்டம் கடுமையானது. சம்பந்தி வீட்டாருக்கு வைக்கும் பலகாரத்தை அவர்கள் தொடும் முன் யாரும் எச்சில் பண்ணக் கூடாது. விரலில் ஒட்டியதைக்கூடக் கழுவத்தான் வேண்டும்.

ஊற்றிய சாக்லேட் இறுகுவேனா என்றது. தண்ணீர்ப் பானைமேல் தட்டை வைத்து, செல்வி ஒரு பக்கமும் நான் ஒரு பக்கமும் விசிறினோம். பட்டுச் சேலையில் அவளுக்கு வேர்த்து ஊற்றியது. ஒருவழியாக மேலே ஆடை கட்டுவதற்கும் வாசலில் கார் நிற்பதற்கும் சரியாக இருந்தது. அவசர அவசரமாக வெட்டினேன். ஒவ்வொரு துண்டும் ஒவ்வொரு அளவில் வந்தது.

பையனின் அப்பா பெரிய துண்டாக எடுத்துக் கடித்தார். மெல்லுவதை நிறுத்தினார். மூக்கின் அருகே கொண்டுபோனார்.

“இது எந்தக் கோயில் பிரசாதம்?”

நான் அத்தையைப் பார்த்தேன். அத்தை பூஜை அலமாரியைப் பார்த்தார். எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. எறும்பு அண்டாத ஒரே இடம், கடையிலிருந்து வந்த பெரிய பச்சைக் கற்பூர டப்பா. காகிதத்தைப் பிரித்து அதற்குள் போட்டிருக்கிறார்! மூன்று இரவும் சாக்லேட் கற்பூரத்தோடு குடித்தனம் பண்ணியிருக்கிறது.

“ஆமாண்ணே, சாமிக்குப் படைச்சதுதான்” என்றார் அத்தை, அசராமல்.

“எந்தச் சாமிக்கு?”

“எல்லாச் சாமிக்கும்.”

அவர் துண்டைத் தட்டில் வைத்துவிட்டார். “தங்கச்சி, சரக்குல குத்தம் இருந்தா எடுத்துக்கிருவேன். இல்லாததச் சொல்லி விக்கிறவுககிட்ட நான் கொள்முதல் பண்றதில்ல” என்றபடி தோள்துண்டை உதறிப் போட்டுக்கொண்டு எழுந்தார். போயிற்று, ஒரு பெண்ணின் வாழ்க்கையை மணல் சட்டியில் போட்டுக் கருக்கிவிட்டேன் என்று அழுகை முட்டியது.

அப்போது உள்ளேயிருந்து செல்வி விடுவிடுவென்று வெளியே வந்தாள். கூப்பிடாமல் பெண் கூடத்துக்கு வருவது எங்கள் வீட்டில் வழக்கமே இல்லை.

“பிரசாதமில்ல மாமா. மதினி செஞ்ச கேக்கு. எறும்பு வந்துரக் கூடாதுன்னு அம்மா சாக்லேட்ட கற்பூர டப்பாவுல போட்டுட்டாக. மதினிக்குச் செய்யவும் தெரியாது. எனக்காகத்தான் காலையில இருந்து அடுப்புல கிடக்காக.”

அவர் அவளையே பார்த்தார். பிறகு மகன் பக்கம் திரும்பினார்.

“ஏலே, வெத்தலத் தட்டை எடு. இந்த வீட்ல உண்மை பேச ஒரு ஆளு இருக்கு, அத நம்ம கூட்டிட்டுப் போயிருவோம்.” பிறகு கதவுப் பக்கம் பார்த்து, “ஆனா ஒரு கண்டிசன். கல்யாணப் பலகாரம் செய்யிற எடத்துல உள்ள நிக்கிற அந்த மதினிய விடக் கூடாது” என்றார்.

விடவில்லை. கேலியையும் இன்றுவரை விடவில்லை. எந்த விசேஷத்தில் நான் தட்டோடு வந்தாலும், செல்வி, அவள் கணவர், பிள்ளைகள் எல்லாரும் எழுந்து நின்று வலது உள்ளங்கையைக் குழித்து, தீர்த்தம் வாங்குவது போல் நீட்டுவார்கள். வாங்கியதைக் கண்ணில் ஒற்றிக்கொண்டுதான் வாயில் போடுவார்கள்.

அத்தை மட்டும் சிரிப்பதில்லை. எல்லாரும் சிரித்து முடிக்கும்வரை பொறுத்திருந்து, ஒன்றே ஒன்று கேட்பார்.

“எறும்பு வந்துச்சா?”

“வரலத்தே.”

“பின்ன என்ன?”