மாமி சாத்த மறுத்த கதவு

என் வாழ்நாளில் நான் ஒரேயொரு குறும்படம்தான் எடுத்தேன். மனிதநேயம் பற்றிய படம். அதை எடுத்த இடத்தில் ஆகக் குறைந்த மனிதநேயம் இயக்குநரிடம்தான் இருந்தது (அடியேன்தான்).

கதை இதுதான். முன்பு ஒரு தமிழ் வீட்டில் முகாமிட்டிருந்த சிங்களச் சிப்பாய், பல வருடம் கழித்து மன்னிப்புக் கேட்க வருகிறான். வீட்டுக்காரி பேசாமல் கதவைச் சாத்துகிறாள். அந்தக் கதவை நான் ஆறு மாதம் எழுதினேன். சிப்பாயாக நடிக்கக் குருநாகலில் இருந்து சமன் என்ற, தமிழ் பேசத் தெரிந்த சிங்கள ஆசிரியர் பஸ்ஸேறி வந்தார். வீட்டுக்காரி, உரும்பிராயில் இருக்கும் என் மாமி. பலாலிப் பக்கம் இருந்த அவருடைய வீடு உண்மையிலேயே பல வருடம் இராணுவத்திடம் இருந்தது. கோபம் முகத்தில் தானாக வரும் என்று நினைத்தேன்.

கமரா இரவல். பொழுதுபட முன் திருப்பிக் கொடுக்க வேண்டும். மறுநாள் படம் போட்டிக்குப் போக வேண்டும்.

முதல் ஷொட். சமன் வாசலில் நின்றார். மாமி கதவைத் திறந்தார்.

"உள்ளுக்கை வாங்கோ தம்பி, வெயில் கொளுத்துது."

"கட்! மாமி, சாத்துங்கோ எண்டெல்லோ சொன்னனான்!"

"வீட்டை வந்த பிள்ளையின்ரை முகத்திலை எப்பிடியடா சாத்துறது? விடியத் தொடக்கம் உவர் ஒண்டும் குடிக்கேல்லை."

இரண்டாவது ஷொட்டில் அவர் உட்காரக் கதிரை எடுத்துப் போட்டார். நான்காவதில் சமனின் தாயைச் சுகம் விசாரித்தார். (சமனும் சும்மா இருக்கவில்லை. "அம்மாவுக்குக் கால் நோ" என்று பதில் சொன்னார்.) வெளிச்சம் இறங்க இறங்க எனக்குத் தலை வெடித்தது. எல்லோருக்கும் முன்னால் கத்தினேன்.

"மாமி, உங்கடை வீட்டைப் பிடிச்சு வைச்சிருந்த ஆள் உவர்! கொஞ்சமாவது கோபப்படுங்கோ!"

சமன் தலையைக் குனிந்தார். மாமி என்னை முறைத்தார். நான் கேட்ட அதே கோபம்தான், ஆள்தான் மாறிவிட்டது.

ஏழாவது ஷொட்டில் கதவு சாத்தப்பட்டது. நான் துள்ளப் போனேன். கதவு மறுபடி திறந்தது. கையில் தேத்தண்ணியோடு மாமி. (கதவுக்குப் பின்னால் முதலே ஊற்றி வைத்திருந்தாராம்.)

"குறை நினைக்காதேங்கோ தம்பி. உவன் சொல்லித்தான் சாத்தினனான்."

சமன் அழுதுவிட்டார். கமரா ஓடிக்கொண்டிருந்தது, பொழுதும் பட்டுவிட்டது. வேறு வழியில்லாமல் அதையே அனுப்பினேன். போட்டி மண்டபத்தில் படம் ஓடி, மாமியின் வசனம் வந்ததும் அந்த "உவன்" யார் என்று எல்லோரும் திரும்பித் தேடினார்கள். நான் கதிரைக்குள் இறங்கிப் போனேன். பரிசு கிடைக்கவில்லை. ஆனால் ஆறு மாதம் எழுதியும் எனக்கு வராத முடிவை மாமி தந்தார். அந்த நன்றி எனக்குச் சாகும்வரை இருக்கும்.

சென்ற வருடம் நானும் மாமியும் குருநாகலுக்குப் போனோம். சமன் கதவைத் திறந்தார், மாமியைப் பார்த்தார், படாரென்று சாத்தினார். நாங்கள் திகைத்து நிற்க, கதவு திறந்தது. கையில் தேத்தண்ணி. என்னைக் காட்டிச் சொன்னார்:

"குறை நினைக்காதேங்கோ மாமி. உவன் சொல்லித்தான் சாத்தினனான்."