இத்தாலியப் படமும் எங்கள் வீட்டுச் சாப்பாடும்

தெரியாத விஷயத்தைப் பற்றிப் பேசப் போனால், வாய்க்கு வேறு வழியில்லாமல் உண்மை வந்துவிடும். சங்கரன்கோவில் ஊரே பார்க்க நான் இதை நிரூபித்திருக்கிறேன்.

எண்பதுகளின் கடைசி. கல்லூரியில் ஆங்கிலம் நடத்திக்கொண்டிருந்தேன். சென்னையில் டி.வி. நிலையத்தில் வேலை பார்த்த தோழி, பழைய இத்தாலியப் படம் ஒன்றைப் பற்றிய கலந்துரையாடலுக்குக் கூப்பிட்டாள். ஒரே வீட்டில் இருந்தும் ஒட்டாமல் போன கணவன் மனைவி கதை. பாதிப் படம் யாராவது சுவரைப் பார்த்து நிற்பார்கள். (மீதிப் படம் நான் தூங்கிவிட்டேன்.)

பதிவின்போது என்னுடன் இருந்த இரண்டு பேராசிரியர்கள் ‘அந்நியமாதல்’ என்று ஆரம்பித்து ஐரோப்பாவையே சுற்றி வந்தார்கள். கடைசியில் நிகழ்ச்சியை நடத்தியவர் என் பக்கம் திரும்பினார். படித்து வைத்திருந்ததெல்லாம் மறந்துபோயிற்று.

“இதுக்கு இத்தாலி வரைக்கும் போகணுமா சார்? எங்க வீட்டுலயே தினமும் நடக்குது. அவர் சாப்பிடுவார், கை கழுவுவார், கடைக்குப் போவார். ஒரு வார்த்தை கிடையாது.”

எல்லோரும் சிரித்தார்கள். அதை வெட்டிவிடுவார்கள் என்று நம்பி ஊர் திரும்பினேன்.

ஒளிபரப்பு அன்று, உரக்கடை வைத்திருந்த என் கணவர் சீக்கிரமே கடையைச் சாத்திவிட்டு வந்தார். தெருவையே அவர்தான் கூப்பிட்டிருந்தார். வந்தவர்களுக்குக் கலர் சோடாவும் முறுக்கும் வேறு. “சத்தம் போடாதிய, அவ பேசப் போறா” என்று சவுண்டையும் கூட்டி வைத்தார்.

பேராசிரியர்களை முக்கால்வாசி வெட்டியிருந்தார்கள். என்னை அப்படியே விட்டிருந்தார்கள்.

முறுக்குக் கடிக்கும் சத்தம் நின்றது. மாமியார் டி.வி.யையும் மகனையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பினார்.

“ஏட்டி, இத எங்கிட்ட அடுப்படியில வச்சுச் சொல்லியிருக்கக் கூடாதா? மெட்ராஸுக்குப் போயா சொல்லுவாவ?”

கூட்டம் கலைந்த பிறகு என் கணவர் காலி பாட்டில்களை அடுக்கிக்கொண்டிருந்தார்.

“சும்மா, வாயில வந்துட்டு” என்றேன்.

“பொய்யா?”

நான் சிந்திக் கிடந்த முறுக்குத் துண்டுகளைப் பெருக்க ஆரம்பித்தேன்.

“எங்கய்யா சாப்பிடும்போது யாரையும் வாயத் தொறக்க விடமாட்டாரு” என்றார். “இலையில உக்காந்தாலே எனக்குப் பேச்சு வர மாட்டேங்கு.”

அந்தப் படத்து மனிதர்களும் ஒருவருக்கொருவர் சொல்லாமல் விட்டது இப்படி ஏதோ சின்ன விஷயமாகத்தான் இருக்கும் என்று அப்போது தோன்றியது.

மறுநாள் சாப்பிட உட்கார்ந்தவர், தொண்டையைக் கனைத்துக்கொண்டு, “யூரியா லாரி இன்னும் வரல” என்றார்.

அன்றைக்கு ஆரம்பித்தவர் இன்னும் நிறுத்தவில்லை. யூரியா, பொட்டாஷ், குருவிகுளத்தில் பெய்யாத மழை, எல்லாம் சோற்றோடு வருகிறது. நான் கொட்டாவி விட்டால் மகள் சொல்வாள்:

“எம்மா, இன்னொரு தடவ டி.வி.க்குப் போயி, ‘எங்க வீட்டுல பேசியே கொல்லுதாரு’ன்னு சொல்லிட்டு வா.”