கேபிள் தட்டில் காய்ந்த விதைப்பூண்டு

ஊருக்கு உபதேசம் செய்கிறவளைக் கவிழ்க்க வெளியாள் வர வேண்டியதில்லை. பெற்ற அப்பாவே போதும்.

கொடைக்கானலில் ஒரு புது ஓட்டலுக்கு நெட்வொர்க் கேபிள் இழுப்பதுதான் என் சொந்தப் பெயரில் நான் எடுத்த முதல் வேலை. ஓட்டல்காரர்களின் கோயம்புத்தூர் இன்ஜினியர் வந்து, எல்லாம் தர விதிப்படி இருக்கிறது என்று கையெழுத்துப் போட்டால்தான் அவர்களுடைய அடுத்த ஓட்டலும் எனக்குக் கிடைக்கும். ஆகவே விதியை மந்திரம்போல ஓதிக்கொண்டு திரிந்தேன். கேபிளை நெரித்துக் கட்டக் கூடாது. நெட்வொர்க் அறையில் வேறு பொருள் எதுவும் வைக்கவே கூடாது. எலக்ட்ரீஷியன் அண்ணன் அங்கே ஸ்வெட்டரைத் தொங்கவிட்டதற்கு அவரை வறுத்தெடுத்துவிட்டேன். (பாவம், மழையில் நனைந்த ஸ்வெட்டர்.)

அந்த வாரம் முழுக்க மழையும் மஞ்சும் விடவில்லை. அப்பா எங்கள் ஊர் வில்பட்டியிலிருந்து ஓட்டலுக்கே வந்து நின்றார்.

“வெதைப்பூண்டு பூராம் நமத்துக் கெடக்கும்மா. ஒன் மிஷின் ரூமு கதகதன்னு இருக்காமே? ரெண்டே கட்டுதான்.”

“கூடாதுப்பா. ரூல் இருக்கு.”

“ரூலு போட்டவரு பூண்டு வெதைச்சிருக்காராம்மா?”

விதை போனால் அடுத்த வெள்ளாமை இல்லை. சாவியைக் கொடுத்துவிட்டேன்.

இன்ஜினியரோ சொன்ன நாளுக்கு முந்தின நாளே மலையேறி வந்துவிட்டார். ரெண்டு கட்டுதானே, அவர் டீ குடிக்கும்போது எடுத்துவிடலாம் என்று நினைத்தேன். அவர் டீ வேண்டாம் என்றார். கதவைத் திறந்தேன்.

கூரையோரம் கேபிள் போகும் இரும்புத் தட்டு நெடுகப் பூண்டு. எங்கள் வீட்டுப் பூண்டு மட்டுமில்லை, தெருவே அங்கே காய்ந்துகொண்டிருந்தது. அப்பா ஸ்டூல்மேல் நின்று இன்னொரு கட்டை மாட்டிக்கொண்டிருந்தார்.

“யாருங்க இவர்?” என்றார் இன்ஜினியர்.

யாரோ வேலையாள் என்று சொல்ல வாய் வரை வந்தது. “எங்கப்பா சார்” என்றேன்.

அப்பா எனக்குக் கைகொடுக்க நினைத்தார். “பயப்படாதீங்க சார், ஒண்ணும் விழாது. கேபிளோட சேத்து நல்லா இறுக்கிக் கட்டியிருக்கேன்.”

சோதிக்க டெஸ்டரை மாட்டியதும், நெரிபட்ட கேபிள்கள் வரிசையாக ஃபெயில். இன்ஜினியர் கையெழுத்துப் போடவில்லை. ஆனால் வாசல்வரை போனவர் திரும்பி நின்றார்.

“பூண்டு காஞ்சதும் கேபிளை மாத்துங்க. எங்க வீட்லயும் வெள்ளாமைதானுங்க.”

கெட்டுப்போன கேபிளையெல்லாம் பிடுங்கிப் புதிதாக இழுத்தோம். அப்பா ஒரு முனையைப் பிடித்தார், ஒரு முடிச்சும் போடாமல். இரண்டாம் முறை கையெழுத்து விழுந்தது. அடுத்த ஓட்டலும் வந்தது. எனக்கு அழுகையே வந்துவிட்டது.

இப்போதெல்லாம் மகள் என்ன சோலி பார்க்கிறாள் என்று யாராவது விசாரித்தால், அப்பா வெகு பெருமையாகச் சொல்கிறார்:

“ஓட்டல் ஓட்டலாப் போயி, பூண்டு காயப்போட ரூமு செஞ்சு குடுக்குறா.”