வானக் கயிற்றுக்கு நிழல் உண்டா?

பூமத்தியரேகையின் மேலேயே உட்கார்ந்திருக்கும் எங்கள் பொந்தியானாக் நகரத்தில் வானத்துக்குப் போக இடம் பதிவாகிக்கொண்டிருந்தது. கோழியோடு வந்தவருக்கு நின்றபடி பயணம். ரப்பர் தோட்டத்தோடு வந்தவருக்கு ஜன்னலோரம். வெறுங்கையோடு வந்தவருக்கு ஆசீர்வாதம் மட்டும், அதுவும் தூரத்திலிருந்து.

நடத்தியவர் டத்தோ பஹ்ருன். 'டத்தோ' பட்டத்தை யார் கொடுத்தார்கள் என்று கேட்டால், மேலே கையைக் காட்டுவார். மேலே ஒரு மின்விசிறி இருந்தாலும் பக்தர்களுக்கு அது வானமாகத்தான் தெரிந்தது.

பாதிக் குற்றம் என்னுடையது. பூமத்தியரேகை நினைவுத்தூணில் இருபது வருடமாக நான் வழிகாட்டி. வருகிறவர்களிடம் ஓர் ஆரஞ்சுப் பழத்தையும் நூலையும் வைத்துக்கொண்டு ஒரு கதை சொல்வேன். நூலில் கல்லைக் கட்டிச் சுழற்றினால் நூல் விறைப்பாக நிற்கிறது அல்லவா? பூமியும் சுழல்கிறது. பூமத்தியரேகைக்கு மேலே முப்பத்தாறாயிரம் கிலோமீட்டரில் ஒரு செயற்கைக்கோள், பூமியோடு சேர்ந்து நாளுக்கு ஒரு சுற்று சுற்றும். கீழேயிருந்து பார்த்தால் ஒரே இடத்தில் நிற்பதுபோலத் தெரியும். அதிலிருந்து கீழே ஒரு கயிறு விடு. அது சரிந்து விழாமலிருக்க, மேல்பக்கமாகவும் எடையோடு இன்னொரு கயிறு விடு. இரண்டும் ஒன்றையொன்று இழுத்து நேராக நிற்கும். பிறகு ராக்கெட் எதற்கு? மின்தூக்கி மாதிரி கயிற்றைப் பிடித்து ஏறிக்கொள்ளலாம். கதை எழுதுகிறவர்கள் எப்போதோ ஏறிவிட்டார்கள். பொறியாளர்கள் இன்னும் தரையில்தான் நிற்கிறார்கள். அவ்வளவு நீள எஃகுக் கயிறு தன் பாரம் தாங்காமல் தானே அறுந்துவிடும். அதைவிடப் பலமடங்கு வலுவான இழை வேண்டும்.

இந்தக் கதையை முன்வரிசையில் உட்கார்ந்து நாலு நாள் கேட்டுவிட்டுப் போனவர்தான் பஹ்ருன். நான் சொன்னதில் ஒன்றையும் மாற்றவில்லை. கடைசியில் ஒரே ஒரு வாக்கியம் சேர்த்துக்கொண்டார்: "கயிறு வந்துவிட்டது."

அந்த ஒரு வாக்கியத்துக்குத்தான் இவ்வளவு கூட்டம்.

மேலே என்ன இருக்கிறது? வெள்ளம் இல்லை. அதைவிட முக்கியம், புகை இல்லை. சதுப்புக்காடு எரிகிற மாதங்களில் எங்கள் ஊரில் மூச்சு விடுவதே ஒரு வேலை. அதனால்தான் டத்தோவின் பேச்சில் ஹம்தான் மயங்கினான். கப்புவாஸ் ஆற்றில் ஆட்களை அக்கரைக்கு ஏற்றிச் செல்லும் படகுக்காரன். அவன் மகள் ஆயுனிக்கு ஆறு வயது. புகை வந்தால் அவள் நெஞ்சு விசில் அடிக்கும். மேலே மூவருக்கு இடம் வேண்டுமானால் படகைத் தரவேண்டும் என்றார் டத்தோ. மேலே ஆறு இல்லையாம், படகு எதற்கு? நியாயமான பேச்சு!

ஹம்தானின் மனைவி சலேஹா, என் தூணுக்கு எதிரே முட்டை விற்கிறவள். மார்ச் மாதம் சூரியன் சரியாக உச்சந்தலைக்கு வரும் மூன்று நாளும் அவளுக்குத் திருவிழா. அந்த நாட்களில் உச்சிவேளையில் இங்கே எதற்கும் நிழல் விழாது. ஜனங்கள் தரையில் முட்டையைச் செங்குத்தாக நிறுத்திப் பார்த்துக் கைதட்டுவார்கள். டத்தோ அதையும் விட்டுவைக்கவில்லை. "முட்டையை நிறுத்துவது யார்? மேலேயிருந்து கயிறு இழுக்கிறது!"

"எந்தக் கயிறு?" என்றாள் சலேஹா என்னிடம். "போன மாசம் அடுப்படியில நாலு முட்டை நிறுத்தினேன் அண்ணே. ஓடு சொரசொரன்னு இருக்கு, மூணு மேடு சரியா உக்காந்தா நிக்கும். பொறுமைதான் வேணும். அப்ப எந்த டத்தோ வந்து இழுத்தாரு?"

"இதை ஹம்தான்கிட்ட சொன்னியா?"

"சொன்னேன். 'உனக்கு முட்டைதான் தெரியும், வானம் தெரியுமா'ன்னு கேக்குறார். படகுப் பத்திரத்தை நாளைக்கு உச்சிவேளையில கையெழுத்துப் போட்டுக் குடுக்கப்போறாராம். படகு போச்சுன்னா புள்ளைக்கு மூச்சு முட்டும்போது அக்கரை ஆஸ்பத்திரிக்கு நான் நீந்தியா தூக்கிட்டுப் போவேன்?"

மறுநாள், நிழல் விழாத நாட்களில் இரண்டாவது நாள், ஆற்றங்கரையில் மேடை. மேடைக்குப் பின்னால் நட்சத்திரம் வரைந்த ஆளுயரத் திரை, இரண்டு பக்கமும் பலகை அடைப்பு. திரையை ஒட்டி ஒரு மேசை, அதன்மேல் பித்தளைக் குடம். குடத்திலிருந்து ஒரு சாண் அகலக் கறுப்புப் பட்டை வானத்தை நோக்கி எழுந்து நின்றது! ஒரு தென்னை உயரத்துக்குப் போய், அதற்கப்புறம் மறைந்துவிட்டது.

"அதுக்கு மேல ஒளி வடிவம்," என்றார் டத்தோ. "அண்ணாந்து தேடாதீங்க. சூரியன் நேர் மேல நிக்குது, கண்ணு போயிடும். தலையைக் குனிஞ்சு, கண்ணை மூடிக் கும்பிடுங்க."

கண் போய்விடும் என்பது மட்டும் உண்மைதான். நல்ல மோசடிக்காரன் சொல்வதில் எப்போதும் ஓர் ஆரோக்கியக் குறிப்பு இருக்கும்.

ஒருவர் பின் ஒருவராகப் போய்ப் பட்டையைத் தொட்டார்கள். "ஐயோ, இழுக்குது! மேல இழுக்குது!" என்று ஒரு மாமி அலறினார். கூட்டம் சிலிர்த்தது. ஹம்தான் பத்திரத்தோடு மேடையேறினான்.

பதினொன்று ஐம்பது. எங்கள் ஊர்க் கடிகாரத்தில் அதுதான் உச்சிவேளை. கொடிக்கம்பத்தின் நிழல் அதன் காலடியில் ஒளிந்துகொண்டது.

முட்டைக் கூடையோடு சலேஹா மேடையேறினாள்.

"டத்தோ, ஒரு சந்தேகம். இந்தக் கயிறு நேரா நிக்குதா, சாஞ்சு நிக்குதா?"

"நேரா, தாயே! நம்ம ஊருக்கு நேர் மேலதானே வானத் துறைமுகம். சாஞ்சா எப்படி?"

"அப்ப இதுக்கு நிழல் இருக்காது, இல்லையா? இந்தக் கம்பத்துக்கு இல்ல. உங்களுக்கே இல்ல பாருங்க."

டத்தோ குனிந்து பார்த்தார். நிழல் இல்லை. பெருமையாகச் சிரித்தார். "ஆமா. புனிதக் கயித்துக்கு ஏது நிழல்?"

"எல்லாரும் கேட்டீங்கல்ல?" என்று கூட்டத்தைப் பார்த்துக் கேட்டுவிட்டு, கூடையை ஹம்தான் கையில் திணித்தாள். திரையின் கயிற்று முடிச்சை அவிழ்த்தாள். நட்சத்திரங்கள் எல்லாம் பொத்தென்று தரையில் விழுந்தன.

திரைக்குப் பின்னால், வெயிலில் வெளுத்த மணலில், ஆறேழு அடி எடுத்துவைக்கும் நீளத்துக்குக் கறுப்பாக ஒரு கோடு கிடந்தது. நிழல். குடத்தடியில் ஆரம்பித்து, பக்கத்திலிருந்த கால்பந்து மைதானத்தைக் காட்டும் அம்புபோல நீண்டது.

இதில் மந்திரம் இல்லை. பட்டை பின்பக்கமாகச் சாய்ந்திருந்தது. நேர் எதிரே நின்றவன் கண்ணுக்குச் சாய்வு தெரியாது. பக்கவாட்டில் நின்றால் தெரியும். அதற்குத்தான் பலகை. ஆனால் சூரியன் நேர் மேலே நிற்கும்போது, சாய்ந்த எதுவும் தன் சாய்வைத் தரையில் எழுதிவிடும். வருடம் முழுக்க அந்த நிமிடத்துக்குக் காத்திருக்கிற ஊரில், அதே நிமிடத்தில் பொய்யைத் தூக்கி நிறுத்தியிருந்தார் டத்தோ.

"அது... வானுலகம் கொஞ்சம் நகர்ந்திருக்கு," என்றார்.

"எவ்வளவு தூரம் நகர்ந்திருக்குன்னு பாத்துடலாமே," என்றாள் சலேஹா. நிழல் காட்டிய திசையிலேயே நடந்தாள். நாங்கள் பின்னால் ஓடினோம். பட்டையின் நிழல் முடிந்தது. மணலில் ஒன்றுமில்லை. இன்னும் நாற்பது ஐம்பது அடி வைத்தோம். மைதானத்துப் புல்லில், சாப்பாட்டு மேசை அகலத்துக்கு ஒரு நிழல் இப்படியும் அப்படியும் ஆடிக்கொண்டிருந்தது. அதற்கு வால் வேறு இருந்தது.

யாரோ கத்தினார்கள்: "அடப்பாவி, பட்டம்டா!"

எங்கள் ஊர்க்காரனுக்குப் பட்டத்தின் நிழலை அடையாளம் காட்ட வேண்டுமா? நடக்கப் பழகும்போதே நூல் பிடிக்கப் பழகுகிற ஊர். பட்ட நூல் மின்கம்பியில் சிக்கி வாரம் ஒருமுறை விளக்கு அணைகிற ஊர். சூரியனைக் கையால் மறைத்து அண்ணாந்து பார்த்தோம். வானத்தின் நிறத்திலேயே சாயம் பூசிய பெரிய பட்டம். பட்டை முடிகிற இடத்திலிருந்து அதுவரை கண்ணுக்குத் தெரியாத நைலான் நூல்.

நாங்கள் திரும்பி வந்தபோது மேடையில் ஹம்தான் மட்டும் நின்றிருந்தான். பட்டையை இப்போதுதான் கையில் பிடித்துப் பார்த்தான். ஒரு இழுப்பு. ஒரு தளர்வு. மறுபடி இழுப்பு.

"இது காத்துடா," என்றான் தனக்குத்தானே. "பாய் கட்டின படகுல தினம் பிடிச்ச இழுப்பு. நானே கண்டுபிடிக்கலையே!"

கூடையை முழங்கையில் மாட்டிக்கொண்டு, இரண்டு கையாலும் மளமளவென்று இழுத்தான். வானுலகம் தரையிறங்கியது. பட்டத்தின் மறுபக்கத்தைப் பார்த்தோம்: உர மூட்டைச் சாக்கு. 'ஈரத்தில் வைக்காதீர்கள்' என்று அச்சடித்திருந்தது.

கூட்டத்துக்குள் புகுந்து டத்தோ நழுவப் பார்த்தார். கோழி கொடுத்தவர்கள் விடவில்லை. "இது ஒத்திகைதான்! உண்மையான கயிறு அடுத்த வருஷம்!" என்று கத்தினார். நம்பமாட்டீர்கள், இரண்டு பேர் உடனே கேட்டார்கள்: "அப்போ எங்க சீட்டு அடுத்த வருஷத்துக்குச் செல்லுமா?"

ஹம்தான் பத்திரத்தை மடித்துச் சட்டைக்குள் வைத்தான். சலேஹாவின் முகத்தைப் பார்க்க முடியாமல், "புள்ளைக்காகத்தான்..." என்றான்.

"தெரியும். புகைக்குப் பயந்து வானத்துக்கு ஓடுறதுக்கு இடம் கேட்டீங்க. காட்டுக்கு நெருப்பு வெக்கிறது யாருன்னு என்னைக்காவது கேட்டீங்களா? அது தரையில இருக்கிற ஆளுதான். படகுலயே போய்ப் பாக்கலாம்." கூடையை எட்டிப் பார்த்தாள். "இழுத்த இழுப்புல மூணு முட்டையை உடைச்சிட்டீங்க."

ஒரு நாள் உண்மையான கயிறு வரலாம். வரட்டும், முதல் ஆளாக நானே வரிசையில் நிற்பேன். ஏறுவதற்கு முன்னால் உச்சிவேளையில் அதன் காலடியை மட்டும் பார்த்துக்கொள்வேன்.

அன்று அந்த நிழல் ஒளியவில்லை. திரைக்கு அடியில் ஒரு முழ இடைவெளி இருந்தது. தலை குனிந்து நின்ற முன்வரிசை ஜனங்களின் பார்வைக்கு நேராக, மணலில் கறுப்பாகத்தான் கிடந்தது. குனிந்ததில் தப்பில்லை, ஐயா. குனியும்போது கண்ணை ஏன் மூடினீர்கள்?