தனியாகப் பார்க்க வேண்டிய பசு

சட்டத்தை மதிப்பவள் என்று ஆபீசில் எனக்கு ஒரு நல்ல பெயர் உண்டு. உண்மையில் நான் வடிகட்டின பயந்தாங்கொள்ளி. திருட்டுத்தனமாக ஒரு படம் டவுன்லோடு செய்தால் அன்றைக்கே போலீஸ் வந்து ரூம் கதவைத் தட்டும் என்று நம்பியவள்.

அப்படிப்பட்டவளுக்கு ஆசை மட்டும் யாருமே பார்க்காத வெளிநாட்டுப் படங்கள் மேல். (பார்த்தால்தானே மறுநாள் கேன்டீனில் பீற்றிக்கொள்ள முடியும்!) அப்படி ஒரு படத்தைக் காசு கட்டிப் பார்க்கும் தளங்களில் தேடினேன். 'உங்கள் நாட்டில் கிடைக்காது' என்றன. டிவிடி விற்ற ஒரு வெளிநாட்டுக் கடையும் சப்டைட்டில் இல்லை என்று கையை விரித்தது. கடைசியில், எங்கோ மலைநாட்டில் இருந்த இயக்குநருக்கே மெயில் போட்டேன். நல்ல மனுஷன், ஆங்கில சப்டைட்டிலோடு லிங்க் அனுப்பினார். இரண்டு நாளில் காலாவதி. திரையின் குறுக்கே என் பெயர் பெரிதாகத் தெரியும். நான் மட்டும்தான் பார்க்க வேண்டும், வேறு யாருக்காவது காட்டினால் சட்ட நடவடிக்கை என்று கீழே பொடி எழுத்தில் இருந்தது. பொடி எழுத்தை மூன்று முறை படிக்கும் ரகம் நான்.

அப்போது பெங்களூருக்கு வெளியே, சந்தாபுராவில் ஒரு மாடி ரூமில் வாடகைக்கு இருந்தேன். கீழே ஓனர் ஆன்ட்டி, கன்னடம் கலந்த தமிழ் பேசுபவர். அவர் போட்ட கண்டிஷன் ஒன்றே ஒன்று: ஆம்பளை யாரும் மேலே வரக்கூடாது. மீறினால் அன்றே காலி செய்ய வேண்டும். ரூம் போனால் அப்பா என்னைச் சொந்த ஊரான வாணியம்பாடிக்கே மூட்டை கட்டிவிடுவார்.

ஞாயிறு மத்தியானம் கதவைத் தாழ்போட்டு, ஜன்னல் திரையை இழுத்துவிட்டு, லேப்டாப்பைத் திறந்தேன். இயர்போன் ஆபீசில். படத்தில் ஒரு கிழவர், ஒரு கொட்டகை, கன்று போட முடியாமல் தவிக்கும் ஒரு பசு. இரண்டு மணி நேரமும் அவ்வளவுதான். கிழவர் மூச்சு வாங்கினார், முனகினார், கொஞ்சினார், கெஞ்சினார்.

கதவு தட்டப்பட்டது. எனக்குப் பாதி உயிர் போய்விட்டது.

"யாரும்மா உள்ள? ஆம்பள கொரலு கேக்குது."

"யாருமில்ல ஆன்ட்டி..."

"சும்னே பொய் சொல்லாத. தெறம்மா கதவ!"

அவசரத்தில் நிறுத்தும் பட்டன் அகப்படவில்லை. கிழவர் இன்னும் பலமாக முனகினார். திறந்தால் வெளிநாட்டுக் கோர்ட், திறக்காவிட்டால் வாணியம்பாடி. கோர்ட்டாவது தூரத்தில் இருக்கிறது என்று திறந்துவிட்டேன்.

ஆன்ட்டி கட்டிலுக்கு அடியில் பார்த்தார். பாத்ரூமில் பார்த்தார். பிறகு லேப்டாப்பைப் பார்த்தார். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். (ஆனேக்கல் பக்கம் மாடு வைத்துப் பால் ஊற்றிய குடும்பம்.)

"ஐயோ, கன்னுக்குட்டிக்குத் தல திரும்பியிருக்கும்மா! இந்தாளு ஏன் இப்பிடி இழுக்குறான்?"

"ஆன்ட்டி, இத நீங்க பாக்கக் கூடாது. கேஸாயிடும்."

"சத்தம் போடாத," என்றவர் மாடிப்படியில் நின்று கீழே குரல் கொடுத்தார். அங்கிள் வந்தார், பக்கத்து வீட்டு அக்கா வந்தார், அந்த அக்காவின் மாமியாரும் வந்தார். நாலு பேருக்கும் சப்டைட்டில் தேவைப்படவில்லை. கன்று விழுந்ததும் கை தட்டினார்கள். திரையின் குறுக்கே என் பெயர் மட்டும் குற்றப்பத்திரிகை மாதிரி மினுங்கிக்கொண்டிருந்தது.

அன்று மாலையே நாலு பேர் பெயரையும் எழுதி இயக்குநருக்கு மன்னிப்பு மெயில் அனுப்பினேன். ஒன்பது நாள் சோறு இறங்கவில்லை. பத்தாம் நாள் பதில் வந்தது: 'எங்கள் ஊர்த் தியேட்டருக்கு மூன்று பேர்தான் வந்தார்கள். நன்றி. எந்த இடத்தில் கை தட்டினார்கள்?'

கேஸ் பயம் போனது. ஆன்ட்டி போகவில்லை. என் கல்யாணத்துக்கு வந்தவர், மாப்பிள்ளையின் அம்மாவிடம் ஆரம்பித்தார்: "இவ ரூம்ல ஒரு நாள் ஆம்பள கொரலு கேட்டுச்சு பாருங்க..." அந்த நேரம் பார்த்து யாரோ பந்திக்குக் கூப்பிட, எழுந்து போய்விட்டார். பாயசம் வரை சாப்பிட்டுவிட்டு வந்துதான் பசுவைப் பற்றிச் சொன்னார். அந்த முக்கால் மணி நேரம் என் மாமியார் என்னைப் பார்த்த பார்வையை நான் எந்த வெளிநாட்டுப் படத்திலும் பார்த்ததில்லை.

இப்போதும் ஆபீஸ் மீட்டிங்குக்காக நான் கதவைச் சாத்தினால் ஹாலிலிருந்து மாமியாரின் குரல் வரும்: "என்னம்மா, கன்னு போட்டுடுச்சா?"