பதின்மூன்றாமவரிடம் ஒரு கேள்வி

அமெரிக்க ஜனாதிபதிகளை அவர்களுடைய மனைவிமாரைவிட நன்றாக அறிந்தவரும், எதிர்க்கட்சிகளைவிட அதிகமாகத் திட்டியவரும் இந்த உலகத்தில் ஒருவர்தான். அவர் கனடாவில், ஸ்ரீல்ஸ் வீதியில் பள்ளிக்கூட பஸ் ஓட்டினார்.

அவரை எல்லோரும் 'வைற்ஹவுஸ் அண்ணை' என்றே அழைத்தோம். அவர் எந்த ஜனாதிபதியையும் பெயர் சொல்லிக் குறிப்பிட்டதில்லை, எத்தனையாம் ஆள் என்ற இலக்கம் மட்டுந்தான். "பேரைச் சொன்னால் சண்டை வரும். நம்பரைச் சொன்னால் சரித்திரம் வரும்" என்பார். அவரிடமிருந்து சரித்திரம் வந்தபோதெல்லாம் சண்டையும் கூடவே வந்ததுதான் உண்மை.

மில்லிக்கன் பக்கத்து மண்டபம் ஒன்றில் பிறந்தநாள் விழா. பிள்ளையின் தகப்பன் ஒலிவாங்கியைப் பிடித்தவர் விடுவதாக இல்லை. சோறு ஆறிக்கொண்டிருந்தது. அண்ணை எழும்பினார்.

"தம்பி, ஒன்பதாம் ஆள் பதவியேற்ற அண்டைக்கு ரெண்டு மணித்தியாலம் மட்டிலை பேசினவர். முப்பத்தோராம் நாள் செத்துப்போனார். நீர் குடும்பகாரன், யோசிச்சுப் பேசும்."

தகப்பன் ஒலிவாங்கியை வைத்துவிட்டார். அதன்பின் அந்த வீட்டிலிருந்து அண்ணைக்கு அழைப்பே வரவில்லை.

அஜின்கோர்ட்டில் ஒரு சாப்பாட்டுக் கடையில் ரோல்ஸ் வாங்க வரிசையில் நின்ற ஒருவர், முப்பத்தெட்டு வயது மகன் கலியாணம் வேண்டாம் என்கிறானே என்று கண் கலங்கினார். அண்ணை அவருடைய தோளில் கை வைத்தார். "கவலைப்படாதேயும். பதினைஞ்சாம் ஆளும் கட்டேல்லை." அவர் முகம் மலர்வதைப் பார்த்துவிட்டுத்தான் மிச்சத்தைச் சொன்னார்: "ஆனால் அவர் இறங்கின கையோடை உள்நாட்டு யுத்தம் வந்தது."

ஸ்ரௌவ்வில்லில் எங்கள் உறவினர் ஒருவர் வாங்கிய புது வீட்டில், வாயால் சொன்னால் விளக்கு எரியும்; சொன்னால் அணையும். வீட்டுக்காரர் விருந்தினர் முன்னால் பெருமையாக எரிய வைத்தார். பிறகு அணைக்கச் சொன்னார், அணையவில்லை. இன்னும் உரத்துச் சொன்னார். கடைசியில் கெஞ்சினார். அண்ணை ஆறுதல் சொன்னார்: "இருபத்துமூண்டாம் ஆளின்ரை காலத்திலைதான் வெள்ளைமாளிகைக்குக் கரண்ட் வந்தது. புருசனும் பெண்சாதியும் சுவிச்சைத் தொடப் பயந்து, லைற்றை எரிய விட்டிட்டே படுத்தவை. அவையளுக்குச் சுவிச்செண்டாலும் இருந்தது."

இப்போது பதவியில் இருப்பவரைப் பற்றிக் கேட்டால் மட்டும் வாய் திறக்கமாட்டார். "ஆள் முடிக்கட்டும். பாதி எழுதின பேப்பரை ஆராவது திருத்துவினமோ?"

நான் திகதிகளில் கறாரானவன். அவர் சொன்னதையெல்லாம் வீட்டுக்கு வந்து புத்தகங்களோடு ஒப்பிட்டுக் குறித்து வைப்பேன். பதினொரு ஆண்டுகளில் ஒரேயொரு பிழைதான் அகப்பட்டது. சுடப்பட்ட இருபதாமவர் இறந்தது 1881 செப்டெம்பர் பத்தொன்பது. அண்ணை பதினெட்டு என்றார். திருத்தினேன். இரண்டு கிழமை என்னோடு பேசவில்லை. பிறகு தொலைபேசி எடுத்து, "ஓம், பத்தொன்பதுதான். கை கழுவாத டொக்டர்மார் இன்னொரு நாள் இழுத்துப்போட்டினம்" என்று பழியை மருத்துவத்துறையின் தலையில் கட்டினார்.

ஆனால் அவருக்கு உண்மையான பகை ஒருவரோடுதான். அது பதின்மூன்றாமவர். 1850இல், தப்பியோடும் அடிமைகளைப் பிடித்துத் திருப்பிக் கொடுக்கவேண்டும் என்ற சட்டத்தில் கையெழுத்திட்டவர். அந்தச் சட்டத்துக்குப் பயந்துதான் எத்தனையோ பேர் ஆறு கடந்து கனடாவுக்குள் ஓடி வந்தார்கள். மனிதர் அந்த ஆற்றுக்கு அப்பால், பஃபலோ நகரத்தில் புதைக்கப்பட்டிருக்கிறார். எங்கள் வீட்டிலிருந்து இரண்டு மணித்தியால ஓட்டம்.

போன கோடையில் அண்ணைக்கு நெஞ்சில் சத்திரசிகிச்சை என்று முடிவானது. மறுநாளே என் வீட்டு வாசலில் நின்றார்.

"வெட்ட முந்தி நான் பதின்மூண்டின்ரை கல்லறைக்குப் போகவேணும். ஆளிட்டை ஒரு கேள்வி இருக்கு."

"என்ன கேள்வி அண்ணை?"

"அதை உமக்குச் சொல்லி என்ன? நீரோ கையெழுத்து வைச்சது?"

என் மனைவியின் தம்பி குகன் வான் கொண்டுவரச் சம்மதித்தான். அவனுக்குச் சரித்திரத்தில் நாட்டமில்லை. எல்லைக்கு அப்பால் சப்பாத்து மலிவு என்பதே அவன் அறிந்த அமெரிக்கா. எல்லைப் பாலத்தை நெருங்கும்போது அவன் பாடம் நடத்தினான்.

"அண்ணை, என்னத்துக்குப் போறியள் எண்டு கேட்டால் ஷொப்பிங் எண்டு சொல்லுங்கோ."

"நான் என்ன வாங்கப்போறன்?"

"சப்பாத்து."

"போட்டிருக்கிறனே."

"அப்ப நயாகரா பாக்க எண்டு சொல்லுங்கோ."

"எங்கடை பக்கத்தாலை பாத்தாத்தானே அது வடிவு. அவனுக்கு அது தெரியாதே?"

அமெரிக்கச் சாவடி ஜன்னலில் இருந்த அதிகாரி முதலில் அண்ணையிடமே கேட்டார். அண்ணை தெளிவான ஆங்கிலத்தில் பதில் சொன்னார்: உங்கள் நகரத்தில் ஒரு ஜனாதிபதி சுடப்பட்டார், அந்த இடத்தைப் பார்க்கவேண்டும், இன்னொருவர் புதைக்கப்பட்டிருக்கிறார், அவரோடு தனியாகப் பேசவேண்டும்.

எந்த ஜனாதிபதி என்று அதிகாரி கேட்டார்.

"நம்பர் இருபத்தைந்து. பிறகு நம்பர் பதின்மூன்று."

ஏதோ பட்டியலில் வரிசையாகக் கோடு போட்டு வருபவர் போல அது ஒலித்தது. வானை ஓரங்கட்டச் சொன்னார்கள்.

உள்ளே ஒரு பெண் அதிகாரி. பொறுமையானவர். சரித்திரத்தையெல்லாம் கேட்டுச் சிரித்தும் விட்டார். கடவுச்சீட்டுகளைத் திருப்பித் தரப்போகிறார் என்ற நேரத்தில், வழக்கமான ஒரு கேள்வி: இதற்கு முன் அமெரிக்கா வந்திருக்கிறீர்களா?

"ஓம்" என்றார் அண்ணை. "நாற்பத்துமூன்று நாள்."

எங்களுக்கே அது செய்தி. எந்தக் கடவுச்சீட்டில் வந்தீர்கள் என்று அதிகாரி கேட்டார்.

"இன்னொருவருடையதில்."

குகன் கண்ணை மூடிக்கொண்டான். அண்ணை திகதி தவறாமல் சொல்லிக்கொண்டு போனார். தொண்ணூறுகளின் தொடக்கம். ஏஜென்ற் கொடுத்த கடவுச்சீட்டு. கனடாவுக்குள் விடும்வரை பஃபலோவில் அகதிகள் தங்கும் ஒரு வீடு. அங்கே சாப்பாட்டு மேசையில் பிளாஸ்டிக் விரிப்புகள். அவருடைய கோப்பைக்குக் கீழே கிடந்ததில் ஜனாதிபதிகளின் முகங்கள், ஒவ்வொன்றுக்கும் இலக்கம். பெயர்களை வாசிக்க அப்போது அவருக்கு ஆங்கிலம் போதாது. இலக்கம் விளங்கியது. மூன்று வேளையும் சூப்பைக் குடித்துக்கொண்டு அதையே பார்த்தபடி இருந்தார், திருப்பி அனுப்பிவிடுவார்களோ என்ற பயத்தில் வேறெதையும் பார்க்க முடியாமல்.

அந்த அதிகாரி அம்மா எல்லாவற்றையும் எழுதினார். கோபிக்கவில்லை. இன்றைக்கு உங்களை உள்ளே விட முடியாது என்றார். அண்ணை ஒரு தாளில் கையெழுத்திட்டார். நாங்கள் வானைத் திருப்பினோம்.

பாலத்தின் நடுவில் குகன் வெடித்தான். "முப்பது வருசத்துக்கு முந்தின கதையை ஆர் அண்ணை உங்களிட்டைக் கேட்டது?"

"அவதான் கேட்டவ."

"பொய் சொல்லத் தெரியாதே?"

"ஒருக்கா சொல்லித்தான் வந்தனான். இந்தச் சென்மத்துக்கு அது காணும்."

கனடாக் கரையில், ஃபோர்ட் ஈரியில் இறக்கிவிடச் சொன்னார். ஆற்றோரப் புல்வெளி. எதிரே பஃபலோவின் கட்டடங்கள் தெரிந்தன. அன்று தப்பியோடிய அடிமைகள் படகில் வந்து இறங்கியதும் இந்தக் கரையில்தான். அண்ணை தண்ணீர் ஓரமாகப் போய் நின்று, சேட்டின் மேல் பொத்தானைப் பூட்டிக்கொண்டார்.

"ஓய் பதின்மூண்டு" என்றார். குரல் பெரிதாக எழும்பவில்லை. "பிடிச்சுக் குடு எண்டு கையெழுத்து வைச்சீர். சரி. ஓடினவையிலை ஒருத்தரையெண்டாலும் நேரிலை கண்டனீரே?"

பதிலுக்கு நேரம் கொடுப்பவர் போலக் காத்து நின்றார். நாய் கூட்டி வந்த ஒரு வெள்ளைக்காரி எங்களை விலகிப் போனாள்.

குகன் பக்கத்தில் போனான். இனி ஏச்சுத்தான் என்று நினைத்தேன்.

"ஆள் எங்கை அண்ணை கிடக்கிறார்?"

"அங்காலை, ஊருக்குள்ளை."

"அப்ப உந்தச் சத்தம் காணாது." இரண்டு கைகளையும் வாயில் குவித்து, அமெரிக்காவைப் பார்த்து, தொண்டை கிழியத் தமிழில் கத்தினான்: "ஓய்! அண்ணை கேக்கிறார்! கண்டனீரோ, இல்லையோ?"

நாய் குரைத்தது. அண்ணை கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

திரும்பும்போது குகன் வான் திறப்பை என்னிடம் எறிந்துவிட்டு, பின்சீட்டில் அண்ணைக்குப் பக்கத்தில் ஏறினான். "பதினாலாம் ஆளும் இப்பிடித்தானோ அண்ணை?"

"அவனோ? அவன் இன்னும் மோசமடா தம்பி" என்று அண்ணை நிமிர்ந்து உட்கார்ந்தார்.

ஹைவேயால் வந்தால் வீட்டுக்கு இரண்டு மணித்தியாலம். மிச்சம் இருக்கிற ஜனாதிபதிகள் அத்தனை பேருக்கும் அது போதாது. நான் ஆற்றோரமாகச் சுற்றிப்போகும் பாதையில் வானைத் திருப்பினேன்.