மாமாவின் கடைசி ரயிலை நான் மறித்த கதை

ரயிலை மறிப்பதற்கு ஆட்கள் தண்டவாளத்தில் படுப்பார்கள், சிவப்புக் கொடி காட்டுவார்கள். நான் வீட்டுக் குசினியில் நின்றுகொண்டு, ஒரு உருண்டை பழப்புளியால் ஒரு ரயிலை நாற்பது நிமிஷம் மறித்தவள். இதை நானே சொல்லிவிடுவது நல்லது. நான் சொல்லாவிட்டால் என்ர மனுசன் சொல்லுவார். அவர் சொன்னால் நாற்பது நிமிஷம் நாலு மணித்தியாலமாகிவிடும்.

நான் பிறந்து வளர்ந்தது சாம்பல்தீவில். எங்களுக்கு எங்கே போவதென்றாலும் பஸ்தான். (கலியாணத்துக்கு முதல் நான் ரயிலில ஏறினதே இல்லை. பொம்பிளை பார்க்க வந்த அண்டைக்கு இதைச் சொல்லாமல் விட்டது என்ர முதல் பிழை.) வாழ்க்கைப்பட்டதோ ரயில்வேக் குடும்பத்தில். மாமா, அதாவது என் கணவர் சுதனின் அப்பா, ஸ்டேஷன் மாஸ்டர். திருகோணமலையிலிருந்து கொழும்புக்குப் போகும் பாதையில் ஒரு குட்டி ஸ்டேஷன். பெயர் வேண்டாம். அங்கே எனக்கு மிச்சம் இருக்கிற மரியாதை கொஞ்சம்தான்.

அந்த வீட்டில் "பத்து மணி போல" என்ற கதையே கிடையாது. "ஒன்பது ஐம்பத்தெட்டு" என்பார் மாமா. சோறு இறக்கக் கொஞ்சம் பிந்தினால், "என்ன பிள்ளை, அவுட்டர் சிக்னலில நிக்குதோ?" என்று குசினிப் பக்கம் குரல் வரும். மாமியும் சுதனும் விளங்கிச் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன், விளங்காமல். (ஸ்டேஷனுக்குள்ள விடாமல் ரயிலை வெளியில நிப்பாட்டி வைக்கிற சிக்னல் எண்டு பிறகுதான் தெரிஞ்சது.)

இரண்டு மாதம் பொறுத்துப் பார்த்தேன். பிறகு ரோஷம் வந்துவிட்டது. நான் ஆங்கில ரீச்சர், சொல்லுக்குப் பயந்தவளா? போனை எடுத்து, இணையத்தில் ரயில்வே அகராதி ஒன்றைத் தேடிப் பிடித்துப் பாடமாக்கத் தொடங்கினேன். தண்டவாளத்துக்குக் கீழே கிடக்கும் கட்டைக்கு இங்கிலாந்தில் ஸ்லீப்பர், அமெரிக்காவில் டை. கார்ட் போகும் கடைசிப் பெட்டிக்கு அமெரிக்காவில் கபூஸ். இரண்டு தண்டவாளத்தைப் பொருத்திப் பூட்டும் இரும்புத் துண்டுக்குப் பெயர் ஃபிஷ் பிளேட். ஒரு நாள் மத்தியானம் சாப்பாட்டு மேசையில் எல்லாவற்றையும் ஒரே மூச்சில் அவிழ்த்துவிட்டேன். மாமா மீன் முள்ளை ஒரு கரையில் ஒதுக்கி வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"நல்லது பிள்ளை. அமெரிக்கன் ரயில் எங்கட பாதையால வந்தா உம்மைத்தான் கூப்பிடவேணும்" என்றார்.

(பாராட்டு எண்டுதான் நான் எடுத்தனான்.)

மாமாவுக்கு ஒரேயொரு பெருமை இருந்தது. முப்பத்தெட்டு வருஷ சேவையில், அவர் கடமையில் இருக்கும்போது ஸ்டேஷனின் பிழையால் ஒரு ரயிலும் ஒரு நிமிஷம்கூடப் பிந்தியதில்லை. எஞ்சின் பழுதால் பிந்தியிருக்கிறது, வெள்ளத்தால் பிந்தியிருக்கிறது, யானையால் கணக்கில்லாமல் பிந்தியிருக்கிறது. ஆனால் பதிவுப் புத்தகத்தில் 'ஸ்டேஷனால் தாமதம்' என்று அவர் கைப்பட எழுதியதே இல்லை. "அந்தப் புத்தகத்தில ஒரு கறுப்புப் புள்ளி இல்லாமல் பென்ஷனுக்குப் போகவேணும்" என்று விடிந்தால் பொழுதுபட்டால் இதே கதைதான். வேறு எதையும் அவர் பெரிதாக ஆசைப்பட்டு நான் காணவில்லை.

கடைசி நாளும் வந்தது. மாமா வழியனுப்ப வேண்டிய கடைசி ரயில் காலை பதினொன்று இருபத்து மூன்று. அதற்கு முன் ஸ்டேஷனில் சின்னதாக ஒரு பிரியாவிடை. அது முடிய நான் பரிசுப் பொருட்களோடு ஓட்டோவில் முன்னால் வீட்டுக்குப் போகவேண்டும், அங்கே மாமி நண்டுக் கறியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருப்பார். மாமா ரயிலை அனுப்பிவிட்டு சுதனோடு மோட்டார் சைக்கிளில் வருவார். திட்டம் இவ்வளவுதான். ஒரு குழந்தைகூடக் குழப்பமுடியாத திட்டம்.

குடும்பத்தின் சார்பில் பேச்சு நான்தான். (வேண்டாமெண்டு சுதன் ரெண்டு தரம் சொன்னவர்.) ஒற்றைப் பாதையில் இரண்டு ரயில்கள் எதிரெதிரே வந்து மோதாமல் இருக்க இங்கிலாந்துக்காரர் அந்தக் காலத்தில் கண்டுபிடித்த முறையைப் பற்றி முழங்கினேன்.

"அடுத்த ஸ்டேஷனோடு மணியடித்துப் பேசி, மெஷினிலிருந்து ஒரு டப்லட்டை எடுப்பார்கள். அது திரும்பவும் மெஷினுக்குள் போகும்வரை, அந்தப் பாதைக்கு இன்னொரு டப்லட் வெளியே வராது. அதைக் கையில் வாங்காமல் எந்தச் சாரதியும் ரயிலை ஓர் அங்குலம் அசைக்கமாட்டார். அப்படிப்பட்ட பொறுப்பை என் மாமா முப்பத்தெட்டு வருஷம் கையில் ஏந்தினார்!"

கைதட்டல் எழுந்தது. மாமாவின் கண் கலங்கியது. நான் இவ்வளவும் பேசும்போது அந்தச் சாமான் என் வலது கையிலிருந்து ஒரு முழத் தூரத்தில், மேசையில் கிடந்தது.

எனக்கு எப்படித் தெரியும்? இணையத்தில் நான் பார்த்த படம், ஏதோ காட்சிச்சாலையில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்த ஓர் இரும்புக் கோல். எங்கள் ஸ்டேஷனில் இருந்ததோ, பெரிய வளையத்தில் தொங்கும் ஒரு பழைய தோல் பை. அதற்குள்ளே உள்ளங்கை அகலத்தில் ஒரு பித்தளை வட்டம். போதாக்குறைக்கு, நான் வர முதலே பொயின்ற்ஸ்மன் அண்ணை (தண்டவாளத்தைப் பாதை மாற்றிவிடுகிறவர்), "சேர் கையால குடுக்கிற கடைசி டப்லட்" என்று உருகி, அந்த வளையத்துக்கும் ஒரு பூமாலை போட்டு, படம் எடுக்கவென்று பரிசுகளுக்கு நடுவே வைத்திருந்தார்.

ரயில் வந்து நின்றது. மாமா உட்பட எல்லோரும் சாரதியோடு நின்று படம் எடுக்க பிளாட்ஃபோமுக்குப் போனார்கள். நான் பொறுப்பான மருமகள் அல்லவா? மேசையை ஒதுக்கினேன். பொன்னாடை, சுவர் மணிக்கூடு, கண்ணாடி போட்ட வாழ்த்துமடல், மாலை போட்ட தோல் பை. எல்லாம் மாமாவுக்குக் கிடைத்தவைதானே! ஓட்டோவில் ஏற்றிக்கொண்டு கிளம்பினேன்.

வீட்டுக்கு வந்து தோல் பையைத் திறந்து பார்த்தால் பித்தளை வட்டம். எங்கள் ஸ்டேஷன் பெயரும் அடுத்த ஸ்டேஷன் பெயரும் அதில் செதுக்கப்பட்டிருந்தன. 'அட, பதக்கம் அடிச்சுக் குடுத்திருக்கினம்' என்று எனக்கு நெஞ்சு நிறைந்தது. ஆனால் கறுத்து, எண்ணெய்ப் பிசுக்குப் பிடித்துப்போய்க் கிடந்தது. மாமா வரும்போது பளபளவென்று கையில் கொடுத்தால் எப்படியிருக்கும்? மாமி நண்டுக்கென்று வைத்திருந்த பழப்புளியை அப்படியே எடுத்து, உப்பும் சேர்த்துத் தேய்க்கத் தொடங்கினேன்.

"இதை எங்கையோ கண்ட மாதிரிக் கிடக்கு, பிள்ளை" என்றார் மாமி, கண்ணாடி போடாமல்.

"புதுசு மாமி, இண்டைக்குத்தான் குடுத்தவை" என்றேன்.

போன் அடித்தது. சுதன்.

"மேசையில கிடந்த சாமான் எல்லாம் நீரே எடுத்தனீர்?"

"ஓம். ஒண்டும் விடேல்லை."

"ஒரு தோல் பை?"

"ஓமோம், அந்தப் பதக்கம். சரியான கறுப்பு. புளி போட்டு மினுக்கிக்கொண்டிருக்கிறன். இப்ப முகம் பார்க்கலாம்!"

அந்தப் பக்கம் ரயில் ஹோர்ன் நீளமாகக் கேட்டது.

"கடவுளே" என்றார் சுதன், மிகவும் மெதுவாக. "நீர் மினுக்கிறது டப்லட். ரயில் இஞ்ச நிக்குது."

கையிலிருந்தது வழுக்கி, பாத்திரம் கழுவும் சிங்கினுள் விழுந்தது. பாதிப் புளியோடு அதைத் தூக்கிப் பைக்குள் திணித்து, வளையத்தைத் தோளில் கொழுவிக்கொண்டு வாசலுக்கு ஓடினேன். நல்ல காலம், ஓட்டோக்காரர் போகவில்லை. கிண்ணியாவைச் சேர்ந்த நானா (முஸ்லிம் அண்ணன்மாரை அப்படித்தான் கூப்பிடுவோம்), மாமி கொடுத்த பிளேன்ரீயை ஆறுதலாக ஊதிக்கொண்டிருந்தார்.

"நானா, ஸ்டேஷனுக்குத் திருப்புங்கோ!"

"என்ன தங்கச்சி, எதையும் விட்டுட்டு வந்திட்டீங்களா?"

"விடேல்லை நானா, கொண்டு வந்திட்டன்!"

குடாவைச் சுற்றிப்போகும் ரோட்டில் அந்த ஓட்டோ பறந்தது. நடுவில் ஒரு மாட்டுக் கூட்டம் ரோட்டை மறித்து நின்றது. நானா ஹோர்னை அமத்திப் பிடித்தார், நான் வெளியே தலையை நீட்டிக் கத்தினேன். மாடுகள் என்னைப் பார்த்த பார்வையில் ஒரு அவசரமும் இல்லை.

ஸ்டேஷனில் முழு ரயிலும் பிளாட்ஃபோமில் இறங்கி நின்றது. தோளில் வளையம், அதில் பாதி உதிர்ந்த மாலை, கையெல்லாம் புளி. நான் ஓடிவர ஒரு பயணி அம்மா பக்கத்திலிருந்தவரிடம், "இவவுக்காகத்தான் ரயில் நிண்டதாம். ஆர் பிள்ளை, பெரிய இடமோ?" என்று கேட்டது என் காதில் விழுந்தது.

மாமா பையைத் திறந்து வட்டத்தை எடுத்து, இரண்டு பெயர்களையும் வாசித்துச் சரிபார்த்து, ஒருமுறை மூக்கருகே பிடித்து மணந்து பார்த்து, தன் கைலேஞ்சியால் துடைத்துச் சாரதியிடம் நீட்டினார். சாரதி சிங்கள மனிதர், திருகோணமலையில் பழகிய நல்ல தமிழ் பேசுவார். அவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"சேர், இது எங்கட டப்லட் தானா? எங்கடது கறுப்பு."

"எங்கடதுதான். குளிச்சிட்டு வந்திருக்கு" என்றார் மாமா.

ரயில் போனது. மாமா பச்சைக் கொடியைச் சுருட்டிக்கொண்டு உள்ளே வந்து பதிவுப் புத்தகத்தைத் திறந்தார். எனக்கு அப்போதுதான் உறைத்தது. முப்பத்தெட்டு வருஷம் காத்துவந்த புத்தகம், இன்னும் அரை மணித்தியாலத்தில் ஒப்படைத்திருப்பார். அதில் நான் புள்ளி வைத்துவிட்டேன். நின்ற இடத்திலேயே விம்மி அழத் தொடங்கினேன்.

"சேர், யானை எண்டு எழுதுங்கோ" என்றார் பொயின்ற்ஸ்மன் அண்ணை. "இந்தப் பாதையில யானைக்கு ஆர் சாட்சி கேட்கப்போகினம்?"

"ஓம் மாமா, யானை எண்டே எழுதுங்கோ" என்றேன் நான், மூக்கை உறிஞ்சிக்கொண்டு. (யானைக்கு நான் இதுக்காக இண்டைக்கும் மனசுக்குள்ள மன்னிப்புக் கேட்கிறனான்.)

"அது பாவம், வாயில்லாத சீவன்" என்றார் மாமா. பேனையைத் திறந்தார். நான் 'மருமகள்' என்று எழுதப்போகிறார் என்றுதான் நினைத்தேன். அவருடைய வடிவான ஆங்கிலத்தில், அவசரமில்லாமல் எழுதினார். அதன் பொருள் இதுதான்: தாமதம் நாற்பது நிமிஷம். காரணம்: டப்லட்டைக் கையில் வைத்திருக்க வேண்டிய ஸ்டேஷன் மாஸ்டர், அதை மேசையில் விட்டுவிட்டுப் படம் எடுக்கப் போனார்.

கையெழுத்து வைத்து, மை காயும்வரை பார்த்துவிட்டு மூடினார்.

அன்றைய விருந்தில் மாமி எல்லோருக்கும் நண்டு பரிமாறினார். நான் தட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். மாமா ஒரு நண்டுக் காலைக் கடித்து, நிதானமாகச் சப்பி, "புளி காணாது" என்றார். மாமிதான் முதலில் சிரித்தார். பிறகு எல்லோரும். எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்து நண்டு புரையேறியது.

மேலிடத்திலிருந்து விளக்கம் கேட்டு ஒரு கடிதம் வந்தது. மாமா ஒரு பக்கத்தில் பதில் எழுதினார். அதிலும் என் பெயர் இல்லை. வீட்டில்தான் என்னை ஒருவரும் விடவில்லை. ரீவி ரிமோட் காணாமல் போனால் எல்லோரும் முதலில் சிங்கினுள் பார்ப்பார்கள். சொந்தக்காரர் வீட்டுக் கலியாணத்தில் தாலிக்கொடியைத் தட்டத்தில் வைத்ததும், "நிலாவைக் கொஞ்சம் தள்ளி இருத்துங்கோ" என்று என்னைக் காட்டி ஒரு குரல் வரும்.

போன வருஷம் மாமாவுக்குக் கண்ணில் படர்ந்த வெள்ளையை எடுக்க ஆஸ்பத்திரிக்குப் போனோம். உள்ளே கொண்டுபோக முதல், மோதிரத்தையும் மணிக்கூட்டையும் கழற்றி யாரிடமாவது கொடுக்கச் சொன்னார் தாதி. சுதன் கையை நீட்டினார்.

"உன்னட்டை வேண்டாம். நிலாட்டைக் குடுக்கிறன்" என்றார் மாமா.

தாதி உட்பட எல்லோரும் திரும்பி என்னைப் பார்த்தோம். நானே என்னைப் பார்த்தேன் என்றுதான் சொல்லவேண்டும்.

"ஏனப்பா, அவவிட்டையோ?" என்றார் சுதன்.

"ஓம்" என்றார் மாமா, கட்டிலில் சாய்ந்தபடி. "இவ ஒண்டைக் கொண்டுபோனால் ஓடித் திருப்பிக் கொண்டுவந்து தருவா. என்ன, நாற்பது நிமிஷம் செல்லும்."